கல்கி கோச்லின்: புதுச்சேரியில் பிறந்த திரைக்கலைஞர்

கல்கி கோச்லின் (பிறப்பு: ஜனவரி 10, 1984) திரைப்பட நடிகை, மேடை நடிகை, நாடக ஆசிரியர். புதுச்சேரியில் பிரெஞ்சுப் பெற்றோருக்குப் பிறந்து ஆரோவில்லிலும் நீலகிரியிலும் வளர்ந்தவர். பெரும்பாலும் இந்திப் படங்களில் நடித்துவருபவர். 'தேவ்.டி' (2009) படத்தில் அறிமுகமானார். 'மார்கரிட்டா வித் எ ஸ்ட்ரா' படத்துக்காக 63-ஆவது தேசியத் திரைப்பட விருதுகளில் நடுவர் குழுவின் சிறப்பு விருது பெற்றார். இந்தியாவில் பிறந்து, இந்திய மொழி பேசி வளர்ந்த ஒரு வெள்ளையருக்கு இந்தியத் திரை எத்தகைய பாத்திரங்களைத் தர முன்வந்தது, அந்த எல்லை எவ்வாறு விரிந்தது என்பதை இவருடைய திரைவாழ்க்கையின் வழியாக அறியலாம்.

பெயர்

கல்கி என்பது திருமாலின் பத்தாவது அவதாரத்தின் பெயர். தமிழ் வாசகர்களுக்கு இப்பெயர் எழுத்தாளர் ரா. கிருஷ்ணமூர்த்தியையும் அவர் நடத்திய இதழையும் நினைவூட்டும். இந்தியத் தத்துவத்தில் ஈடுபாடு கொண்ட பிரெஞ்சுப் பெற்றோர் தங்கள் மகளுக்கு இப்பெயரை இட்டனர். குடும்பப் பெயரைத் தமிழ் இதழ்கள் கோச்லின், கொச்சலின், கோய்ச்லின் எனப் பலவாறு எழுதுகின்றன. பிரெஞ்சில் அது 'கெக்லன்' என்பதற்கு நெருக்கமாக ஒலிக்கும்.

பின்புலம்: புதுச்சேரியும் ஆரோவில்லும்

புதுச்சேரியில் பிரெஞ்சுக் குடியிருப்பு 1674-ல் தொடங்கியது. இடையில் டச்சுக்காரர்களிடமும் ஆங்கிலேயரிடமும் சில முறை கைமாறினாலும், ஊர் இறுதியில் பிரெஞ்சு ஆட்சியிலேயே நிலைத்தது. 1954 நவம்பர் 1-ல் நிர்வாகம் இந்தியாவின் கைக்கு வந்தது. சட்டபூர்வமான இணைப்பு 1962 ஆகஸ்ட் 16-ல் நிறைவேறியது. அப்போது பிரெஞ்சுக் குடியுரிமையைத் தேர்ந்துகொள்ள மக்களுக்கு வாய்ப்பு அளிக்கப்பட்டது. அதைத் தேர்ந்துகொண்ட தமிழ்க் குடும்பங்கள் இன்றும் புதுச்சேரியில் உள்ளன. தமிழ் முகத்தோடு பிரான்சின் கடவுச்சீட்டு வைத்திருப்பவர்கள் அந்த ஊரில் வியப்புக்குரியவர்கள் அல்லர்.

இதற்கு நேர்மாறான ஒரு வரலாறும் அதே ஊரில் உருவானது. 1910 ஏப்ரலில் ஆங்கிலேய அரசின் கண்காணிப்பிலிருந்து விலகி அரவிந்தர் புதுச்சேரிக்கு வந்தார். 1926-ல் அரவிந்தர் ஆசிரமம் உருவானது. பாரிசில் பிறந்த மிர்ரா அல்பாசா ஆசிரமத்தின் பொறுப்பை ஏற்று 'அன்னை' என அழைக்கப்பட்டார். அவருடைய திட்டப்படி 1968 பிப்ரவரி 28-ல் ஆரோவில் தொடங்கப்பட்டது. தொடக்க விழாவில் 124 நாடுகளிலிருந்து கொண்டுவரப்பட்ட மண் ஒரு கலத்தில் இடப்பட்டது. புதுச்சேரி நகரத்துக்கு வடக்கே உள்ள இந்தக் குடியிருப்பின் பெரும்பகுதி தமிழ்நாட்டின் விழுப்புரம் மாவட்டத்தில் அமைந்துள்ளது. மரங்கள் அழிந்து வறண்டு கிடந்த செம்மண் மேட்டில் வெளிநாட்டினரும் சுற்றுவட்டாரக் கிராம மக்களும் சேர்ந்து மரங்களை நட்டனர். வெளிநாட்டுக் குடும்பங்களின் பிள்ளைகள் குயிலாப்பாளையம் போன்ற கிராமங்களை ஒட்டி வளர்ந்தனர்.

இவர்கள் ஆட்சியாளர்களாக வந்த பிரெஞ்சுக்காரர்களின் வழித்தோன்றல்கள் அல்லர். ஆட்சி முடிந்த பிறகு, ஒரு வாழ்க்கைமுறையைத் தேடி வந்தவர்களின் பிள்ளைகள். கல்கி கோச்லின் இந்த இரண்டாவது வரலாற்றைச் சேர்ந்தவர்.

பிறப்பு, குடும்பம்

கல்கி 1984 ஜனவரி 10-ல் புதுச்சேரியில் ஜோயல் கோச்லின், பிரான்சுவாஸ் அர்மாந்தி இணையருக்குப் பிறந்தார். பெற்றோர் பிரான்சின் ஆன்ஜே நகரிலிருந்து இந்தியாவுக்கு வந்தவர்கள், அரவிந்தரின் நெறியில் பற்றுக் கொண்டவர்கள்.

தந்தை வழியில் கல்கி, மோரிஸ் கோச்லின் என்னும் கட்டுமானப் பொறியாளரின் வழிவந்தவர். குஸ்தாவ் ஈபெல் நிறுவனத்தில் பணியாற்றிய மோரிஸ் கோச்லின், சக பொறியாளர் எமில் நூகியேவுடன் சேர்ந்து 1884-ல் ஈபெல் கோபுரத்தின் முதல் வரைவை உருவாக்கியவர். நியூயார்க்கிலுள்ள சுதந்திர தேவி சிலையின் உள் இரும்புச் சட்டக வடிவமைப்பிலும் அவருக்குப் பங்குண்டு.

பொறியியல் ஆர்வம் ஜோயல் கோச்லினிடமும் தொடர்ந்தது. அவர் இறக்கை மிதவைகளையும் எடை குறைந்த சிறு விமானங்களையும் வடிவமைக்கும் தொழிலைக் கல்லட்டியில் நடத்தினார். கல்கிக்குப் பதினைந்து வயதானபோது பெற்றோர் மணமுறிவு பெற்றனர். கல்கி தாயுடன் வளர்ந்தார்.

கல்லட்டியும் பள்ளிக் கல்வியும்

கல்கியின் குழந்தைப் பருவத்தின் தொடக்க ஆண்டுகள் ஆரோவில்லில் கழிந்தன. பின்னர் குடும்பம் நீலகிரி மாவட்டத்தில் உதகமண்டலத்துக்கு அருகிலுள்ள கல்லட்டி என்னும் சிற்றூரில் குடியேறியது. உதகையிலிருந்து மசினகுடிக்கு இறங்கும் மலைப்பாதையில் உள்ள ஊர் இது. இப்பாதை 36 கொண்டை ஊசி வளைவுகளுக்காக அறியப்படுகிறது.

வீட்டில் பிரெஞ்சு, பள்ளியில் ஆங்கிலம், ஊரில் தமிழ் என மூன்று மொழிகளுக்கு இடையே கல்கி வளர்ந்தார். இந்தி அவருடைய குழந்தைப் பருவத்து மொழி அன்று. பின்னாளில் அவரை 'இந்தி நடிகை' என்று அறிந்த பலருக்கு இச்செய்தி வியப்பளித்தது. அவர் முதலில் பேசிய இந்திய மொழி தமிழ். இந்தியைத் திரைத்தொழிலுக்காகவே கற்றுக்கொண்டார்.

உதகையிலுள்ள ஹெப்ரான் பள்ளியில் படித்தார். 1899-ல் தொடங்கப்பட்ட இந்த உறைவிடப் பள்ளி, தென்னிந்தியாவில் பணியாற்றிய கிறித்தவ மதப்பணியாளர்களின் பிள்ளைகளுக்கான கல்விக்கூடமாகப் பெயர்பெற்றது. பள்ளி நாட்களில் கூச்ச சுபாவம் கொண்டவராக இருந்தார். நடிப்பிலும் எழுத்திலும் ஈடுபாடு அங்கேயே தொடங்கியது. எனினும் உளவியல் படித்துக் குற்றவியல் உளவியலாளர் ஆவதே அப்போதைய விருப்பமாக இருந்தது.

லண்டன்: நாடகக் கல்வி

பள்ளிப் படிப்பு முடிந்ததும் பதினெட்டு வயதில் கல்கி லண்டனுக்குச் சென்றார். லண்டன் பல்கலைக்கழகத்தைச் சேர்ந்த கோல்ட்ஸ்மித்ஸ் கல்லூரியில் நாடகமும் அரங்கக்கலையும் பயின்றார். படிப்புச் செலவுக்காக வார இறுதிகளில் உணவகத்தில் பரிமாறும் வேலை செய்தார். 'தியேட்டர் ஆப் ரிலேட்டிவிட்டி' என்னும் குழுவுடன் இணைந்து நடித்தார். அக்குழுவுக்காக ஒரு நாடகமும் எழுதினார். டேவிட் ஹேர், பதினெட்டாம் நூற்றாண்டுப் பிரெஞ்சு நாடக ஆசிரியர் மரிவோ ஆகியோரின் நாடகங்களில் நடித்தது இக்காலத்தில்தான்.

படிப்பு முடிந்ததும் இந்தியாவுக்குத் திரும்பினார். முதலில் பெங்களூருவில் சகோதரருடன் தங்கி வேலை தேடினார். அங்கு வாய்ப்பு அமையாததால் மும்பைக்குச் சென்றார். அதுல் குமார் நடத்திய 'தி கம்பெனி தியேட்டர்' குழு அவரைச் சேர்த்துக்கொண்டது.

'தேவ்.டி'

இயக்குநர் அனுராக் காஷ்யப் 'தேவ்.டி' படத்துக்காக நடிகர்களைத் தேடிக்கொண்டிருந்தார். சரத் சந்திர சட்டோபாத்யாயவின் 'தேவதாஸ்' புதினத்தை இன்றைய பஞ்சாபிலும் தில்லியிலும் நிகழ்வதாக மாற்றி அமைத்த படம் இது. 1953-ல் நாகேஸ்வர ராவ், சாவித்திரி நடித்து வெளிவந்த 'தேவதாஸ்' மூலம் தமிழ் ரசிகர்கள் இக்கதையை நன்கு அறிவர். அப்படத்தில் லலிதா ஏற்ற சந்திரமுகி பாத்திரத்தின் புதிய வடிவமே 'தேவ்.டி'யில் கல்கி ஏற்ற சந்தா.

கல்கியின் படங்களை மட்டும் பார்த்தபோது காஷ்யப் தயங்கினார். நடிப்புத் தேர்வின் பதிவைப் பார்த்த பின்னரே அவரைத் தேர்ந்தெடுத்தார். பாத்திரத்துக்காகக் கல்கி இந்தி கற்றார்.

படத்தில் லெனி என்னும் பள்ளி மாணவியின் அந்தரங்கக் காட்சி கைப்பேசிகளில் பரவுகிறது. தந்தை தற்கொலை செய்துகொள்கிறார். குடும்பம் அவளைக் கைவிடுகிறது. அவள் தில்லியில் பாலியல் தொழிலுக்குத் தள்ளப்பட்டு, 'தேவதாஸ்' படம் பார்த்துத் தனக்குச் சந்தா என்று பெயரிட்டுக்கொள்கிறாள். 2004-ல் தில்லியில் நடந்து நாடெங்கும் பேசப்பட்ட ஒரு நிகழ்வின் சாயல் இக்கதையில் உண்டு. பழைய சந்திரமுகி தேவதாஸுக்காகத் தன்னை அழித்துக்கொள்ளும் தியாகப் பாத்திரம். சந்தாவோ பகலில் கல்லூரியில் படிக்கிறாள், தன் வாழ்வைத் தானே முடிவுசெய்கிறாள், கடைசியில் தேவைக் கரைசேர்ப்பதும் அவள்தான். இந்தப் பாத்திரத்துக்காகக் கல்கி 2010-ல் சிறந்த துணை நடிகைக்கான பிலிம்பேர் விருதைப் பெற்றார்.

2011-ல் கல்கியும் காஷ்யப்பும் மணந்துகொண்டனர். 2013-ல் பிரிந்து, 2015-ல் சட்டப்படி மணமுறிவு பெற்றனர்.

நிறத்துக்கு விளக்கம் கூறிய பாத்திரங்கள்

தொடக்க காலப் படங்களில் பல, கல்கியின் தோற்றத்துக்குக் கதைக்குள் ஒரு விளக்கத்தைக் கூறின. அவர் ஏற்ற பாத்திரங்கள் வெளிநாட்டிலிருந்து வந்தவர்களாகவோ, பெற்றோரில் ஒருவர் வெளிநாட்டவராகவோ அமைந்தன.

'தட் கேர்ள் இன் எல்லோ பூட்ஸ்' படத்தின் திரைக்கதையைக் காஷ்யப்புடன் சேர்ந்து கல்கி எழுதினார். 2010-ல் டொராண்டோ திரைப்பட விழாவில் திரையிடப்பட்டு, 2011-ல் இந்தியாவில் வெளியானது. தன்னைச் சிறுவயதில் விட்டுச்சென்ற தந்தையைத் தேடி மும்பைக்கு வரும் ரூத் என்னும் பிரித்தானியப் பெண்ணின் கதை இது. உரிய அனுமதி இல்லாமல் ஒரு மசாஜ் நிலையத்தில் வேலைசெய்யும் ரூத், அரசு அலுவலகங்களில் கையூட்டுக் கொடுத்துத் தங்கும் காலத்தை நீட்டித்துக்கொள்கிறாள். இந்திய நகரம் ஒரு வெள்ளைப் பெண்ணை எத்தகைய கண்களால் பார்க்கிறது என்பதை இப்படம் நேரடியாகப் பேசியது. அப்பார்வையை அனுபவித்தவரே எழுத்திலும் பங்கேற்றதால், படம் வெளியிலிருந்து வந்த ஒருவரின் வியப்பாக இல்லாமல் உள்ளிருந்து எழுந்த குற்றச்சாட்டாக அமைந்தது.

அதே ஆண்டில் பிஜாய் நம்பியார் இயக்கிய 'சைத்தான்' படத்தில் லாஸ் ஏஞ்சல்சிலிருந்து மும்பைக்கு வரும் ஏமி என்னும் மனக்காயம் கொண்ட இளம்பெண்ணாக நடித்தார். 2012-ல் திபாகர் பானர்ஜியின் 'ஷாங்காய்' வெளிவந்தது. கிரேக்க எழுத்தாளர் வசிலிஸ் வசிலிகோசின் 'இசட்' புதினத்தை அடிப்படையாகக் கொண்ட அரசியல் படம் இது. நிலம் கையகப்படுத்தலை எதிர்க்கும் பேராசிரியர் ஒருவர் வாகனம் ஏற்றித் தாக்கப்படுகிறார். அவருடைய முன்னாள் மாணவியான ஷாலினி உண்மையைத் தேடுகிறாள். பாதி இந்தியரான ஷாலினியை ஊரார் அயலவளாகவே நடத்துவது கதையின் ஒரு சரடு.

இதே காலத்தில் வணிகப் படங்களில் மற்றொரு வழி திறந்தது. சோயா அக்தர் இயக்கிய 'ஜிந்தகி நா மிலேகி தோபாரா' (2011) படத்தில் மும்பைச் செல்வக் குடும்பத்து நடாஷாவாகவும், அயன் முகர்ஜியின் 'யே ஜவானி ஹை தீவானி' (2013) படத்தில் நாயகனின் தோழி அதிதியாகவும் நடித்தார். அதிதி ஒரு சாதாரண இந்திய நடுத்தர வர்க்கப் பெண். அவளுக்கு ஏன் இந்த நிறம் என்று படத்தில் யாரும் கேட்பதில்லை. பெருவெற்றி பெற்ற ஒரு வணிகப் படம் இக்கேள்வியை எழுப்பாமல் கடந்தது, பார்வையாளரும் அதைப் பொருட்படுத்தவில்லை என்பது கல்கியின் திரைவாழ்வில் முக்கியமான நகர்வு.

'மார்கரிட்டா வித் எ ஸ்ட்ரா'

ஷோனாலி போஸ் இயக்கிய 'மார்கரிட்டா வித் எ ஸ்ட்ரா' 2014 செப்டம்பரில் டொராண்டோவில் முதலில் திரையிடப்பட்டது. இந்தியாவில் 2015 ஏப்ரலில் வெளியானது. மூளை முடக்குவாதம் கொண்ட லைலா என்னும் தில்லிக் கல்லூரி மாணவி இதன் நாயகி. இயக்குநரின் உறவினரும் மாற்றுத்திறனாளர் உரிமைக்காகக் குரல்கொடுப்பவருமான மாலினி சிப்பின் வாழ்க்கை இப்பாத்திரத்துக்குத் தூண்டுதலாக இருந்தது.

லைலா பாடல்களுக்கு வரிகள் எழுதுகிறாள், காதலில் தோற்கிறாள், மேற்படிப்புக்காக நியூயார்க் செல்கிறாள். அங்கே கானும் என்னும் பார்வையற்ற பெண்ணிடம் காதல் கொள்கிறாள். உடற்குறை கொண்டவருக்கும் உடல்சார்ந்த விருப்பங்கள் உண்டு என்பதை இந்தியத் திரை அதுவரை இவ்வளவு வெளிப்படையாகக் காட்டியதில்லை. உடற்குறையைப் பரிதாபத்துக்கும் தெய்வ அருளுக்கும் உரிய பொருளாகவே காட்டிவந்த மரபிலிருந்து இப்படம் விலகியது. லைலாவின் தாயாகத் தமிழ்த் திரையின் ரேவதி நடித்தார். மகளின் நாட்குறிப்பையும் கணினியையும் கண்காணிக்கும் தாய்க்கும், தனக்கென ஓர் அந்தரங்கம் வேண்டும் என்னும் மகளுக்கும் இடையிலான காட்சிகள் படத்தின் வலுவான பகுதிகள்.

இப்பாத்திரத்துக்காகக் கல்கி நடிகர் ஆதில் உசேனிடம் பயிற்சி பெற்றார். சக்கர நாற்காலியில் இயங்கவும், நாவும் தசைகளும் முழுதாக ஒத்துழைக்காத ஒருவரின் பேச்சைப் பேசவும் பழகினார். மூளை முடக்குவாதம் கொண்டவரின் பேச்சு தெளிவற்று ஒலித்தாலும் அதன் பின்னுள்ள சிந்தனை தெளிவானது. இந்த இடைவெளியைக் காட்டியதே நடிப்பின் சிறப்பு எனக் குறிப்பிடலாம். மாற்றுத்திறனாளர் பாத்திரங்களை மாற்றுத்திறனாளரே ஏற்க வேண்டும் என்னும் விவாதம் உலகத் திரையில் வலுப்பெற்றுவரும் நிலையில், இப்படத்தின் நடிகர் தேர்வையும் அக்கேள்வியிலிருந்து விலக்கிப் பார்க்க இயலாது.

எஸ்தோனியாவின் தாலின் நகரில் நடக்கும் 'பிளாக் நைட்ஸ்' திரைப்பட விழாவில் 2014-ல் கல்கி சிறந்த நடிகைக்கான விருதைப் பெற்றார். தொடர்ந்து 63-ஆவது தேசியத் திரைப்பட விருதுகளில் நடுவர் குழுவின் சிறப்பு விருது கிடைத்தது. கதைப்படி லைலா மராட்டியத் தாய்க்கும் சீக்கியத் தந்தைக்கும் பிறந்த மகள். நிறத்தைப் பற்றிய விளக்கம் எதுவும் இல்லாத இந்தப் பாத்திரத்துக்கே தேசிய ஏற்பு கிடைத்தது.

பிற்காலப் படங்கள்

அனு மேனன் இயக்கிய 'வெயிட்டிங்' கொச்சியிலுள்ள ஒரு மருத்துவமனையில் நிகழ்கிறது. நினைவிழந்து கிடக்கும் கணவனுக்காகக் காத்திருக்கும் இளம்பெண்ணாகக் கல்கியும், பல மாதங்களாக மனைவிக்காகக் காத்திருக்கும் முதியவராக நசீருதீன் ஷாவும் நடித்தனர். முதியவரின் மனைவியாக சுஹாசினி நடித்தார். காத்திருப்போர் அறையில் இரு அந்நியர்களிடையே உருவாகும் நட்பே கதை.

கொங்கொணா சென் சர்மா இயக்கிய முதல் முழுநீளப் படமான 'எ டெத் இன் தி கஞ்ச்' (2016) மெக்லஸ்கிகஞ்சில் 1979-ல் நிகழ்வது. இன்றைய ஜார்க்கண்டில் உள்ள இவ்வூர், ஆங்கிலோ இந்தியர்கள் தமக்கெனத் தாயகம் வேண்டி 1930-களில் உருவாக்கிய குடியிருப்பு. பின்னர் பெரும்பாலோர் வெளியேறிவிட்டனர். இப்படத்தில் மிமி என்னும் பாத்திரத்தில் கல்கி நடித்தார். 'ரிப்பன்' (2017) மும்பையில் வேலைக்கும் குழந்தை வளர்ப்புக்கும் இடையே அலைக்கழியும் சஹானாவின் கதை. 'கல்லி பாய்' (2019) படத்தில் ஸ்கை என்னும் இசைக் கலைஞராக வந்தார்.

இணையத் தொடர்களின் வரவு அவருக்கு மேலும் இடமளித்தது. 'மேட் இன் ஹெவன்' (2019) தொடரில் பைசா நக்வியாகவும், 'சேக்ரட் கேம்ஸ்' இரண்டாம் பருவத்தில் (2019) குருஜியின் வெளிநாட்டுச் சீடரான பத்யாவாகவும் நடித்தார். ஆன்மிகம் தேடி இந்தியாவுக்கு வந்து ஓர் ஆசிரமத்தின் மையத்தில் இருக்கும் பத்யா, குருவின் பெயரால் அழிவுத் திட்டத்துக்குத் துணைபோகிறாள். ஆரோவில்லில் வளர்ந்த நடிகை இத்தகைய பாத்திரத்தை ஏற்றது கவனத்துக்குரியது.

புஷன் கிருபளானி இயக்கிய 'கோல்ட்பிஷ்' 2022-ல் பூசான் விழாவில் திரையிடப்பட்டு, 2023-ல் இந்தியாவில் வெளியானது. இங்கிலாந்தில் வாழும், நினைவு மங்கிவரும் இந்தியத் தாயாகத் தீப்தி நவலும், அவரிடம் திரும்பிவரும் மகள் அனாமிகாவாகக் கல்கியும் நடித்தனர். இரு பண்பாடுகளுக்கு நடுவே நிற்கும் பாத்திரத்துக்குக் கல்கி மீண்டும் வந்தார். ஆனால் இம்முறை அது நிறத்துக்கான சமாதானமாக அமையவில்லை. தாயின் மொழியும் நினைவும் மறையும்போது மகளுக்கு மிஞ்சுவது என்ன என்பதே படத்தின் கேள்வி.

தமிழ்த் திரையில்

தமிழ் பேசி வளர்ந்த கல்கி தமிழ்த் திரைக்கு வந்தது தாமதமாகவே. எச். வினோத் இயக்கிய 'நேர்கொண்ட பார்வை' (2019) படத்தில் ஒரு பாடலில் தோன்றினார். 2020 டிசம்பரில் நெட்பிளிக்சில் வெளியான 'பாவக் கதைகள்' தொகுப்பில், விக்னேஷ் சிவன் இயக்கிய 'லவ் பண்ணா உட்றணும்' பகுதியில் பெனலோப்பியாக நடித்தார். சாதித் தலைவர் ஒருவரின் இரட்டை மகள்களாக அஞ்சலி நடித்த இக்கதை, ஆணவக் கொலையைக் கசப்பான நகைச்சுவையுடன் பேசியது. 2025 பொங்கலுக்கு வெளியான விஷ்ணுவர்தனின் 'நேசிப்பாயா' படத்தில் வழக்கறிஞராக நடித்தார்.

இத்தாமதத்தைத் தமிழ்த் திரையின் வழக்கத்தோடு ஒப்பிட்டுப் பார்க்கலாம். 2010-ல் ஏ. எல். விஜய் இயக்கிய 'மதராசபட்டினம்' படத்தில் இங்கிலாந்தைச் சேர்ந்த எமி ஜாக்சன் ஆங்கிலேய ஆளுநரின் மகளாக அறிமுகமானார். பின்னர் இந்தியப் பெண் பாத்திரங்களிலும் நடித்துப் பின்னணிக் குரலின் உதவியுடன் முன்னணி நாயகியானார். வட இந்தியாவிலிருந்து வந்த நாயகியர் பலருக்கும் இதுவே வழியாக இருந்தது. நாயகிக்கு வெளுத்த நிறம் தேவைப்பட்டது. மொழி தேவைப்படவில்லை, அதைப் பின்னணிக் குரல் ஈடுசெய்தது. புதுச்சேரியில் பிறந்து நீலகிரியில் தமிழ் கேட்டு வளர்ந்த ஒருவர் இத்திரையில் இடம்பெறாமல், புதிதாக இந்தி கற்று மும்பையில் பெயர்பெற்றார் என்பது தமிழ்த் திரை மொழியறிவுக்கு எவ்வளவு மதிப்பளித்தது என்பதைக் காட்டும்.

மேடையும் எழுத்தும்

திரைக்கு வந்த பிறகும் கல்கி மேடையை விடவில்லை. பிரசாந்த் பிரகாஷுடன் சேர்ந்து எழுதிய 'ஸ்கெலிட்டன் உமன்' நாடகம், 'தி இந்து' நாளிதழ் வழங்கிய மெட்ரோபிளஸ் நாடக ஆசிரியர் விருதை 2009-ல் பெற்றது. ஆர்க்டிக் பகுதி இனுயிட் மக்களின் நாட்டார் கதையிலிருந்து உருவான நாடகம் இது. ரஜத் கபூர் ஷேக்ஸ்பியரின் நாடகங்களைக் கோமாளிகளின் மொழியில் மாற்றி அமைத்தபோது அவற்றில் பங்கேற்றார். 2015-ல் 'தி லிவிங் ரூம்' நாடகத்தை எழுதி இயக்கினார். ஒரு மூதாட்டியின் வீட்டுக்கு மரணம் விருந்தாளியாக வருவதைப் பற்றிய அங்கத நாடகம் இது.

'தி எலிபன்ட் இன் தி வூம்' நூல் 2021-ல் வெளிவந்தது. கருவுறுதல், பேறுகாலம், தாய்மை ஆகியவற்றைப் புனிதப்படுத்தாமல், உடல் வலியையும் மனச்சோர்வையும் சித்திரங்களுடன் பேசும் நூல் இது.

பொதுவெளியில்

2012 டிசம்பரில் தில்லியில் நடந்த கூட்டு வன்கொடுமைக்குப் பிறகு நாடெங்கும் பெண்கள் பாதுகாப்பு குறித்த விவாதம் எழுந்தது. பாதிக்கப்பட்ட பெண்ணின் உடையையும் நேரத்தையும் குறைகூறும் பேச்சுகளை எள்ளிநகையாடிய காணொளி ஒன்றில் 2013-ல் கல்கி நடித்தார். இணையத்தில் மிகப் பரவலாகப் பகிரப்பட்டது இது. 2016-ல் 'தி பிரிண்டிங் மெஷின்' என்னும் தன் கவிதையை நிகழ்த்தினார். பெண்கள் மீதான வன்முறை செய்தித்தாள் அச்சு இயந்திரத்தின் தாளத்தில் அன்றாடச் செய்தியாகத் தேய்வதைப் பற்றியது அது.

2016-ல் தந்தை ஜோயலுடன் மோட்டார் சைக்கிளில் வடகிழக்கு மாநிலங்களில் சென்ற பயணம் தொலைக்காட்சித் தொடராக ஒளிபரப்பானது. 2018-ல் பிபிசி உலக சேவைக்காக இந்திய இளைஞர்களின் வாழ்க்கை குறித்த ஒலித்தொடரை வழங்கினார்.

இந்தியத் திரையில் வெள்ளை முகங்கள்

இந்தியத் திரைக்கு ஐரோப்பிய முகங்கள் புதியவை அல்ல. ஆஸ்திரேலியாவின் பெர்த் நகரில் பிறந்த மேரி எவன்ஸ், 'நாடியா' என்னும் பெயரில் 'ஹண்டர்வாலி' (1935) போன்ற சாகசப் படங்களில் சாட்டையும் குதிரையுமாகத் தோன்றி 'அஞ்சா நெஞ்சி நாடியா' எனப் புகழ்பெற்றார். காலனிய காலத்திலேயே அவர் ஏழைகளுக்காகப் போரிடும் இந்திய வீராங்கனையாக ஏற்கப்பட்டார்.

விடுதலைக்குப் பிறகு வெள்ளை முகம் பெரும்பாலும் ஆங்கிலேய அதிகாரிக்கும் கடத்தல்காரனுக்கும் உரியதானது. முசூரியில் அமெரிக்க மதப்பணியாளர் குடும்பத்தில் பிறந்த டாம் ஆல்டர் (1950-2017) இதற்குச் சான்று. செம்மையான உருது பேசியவர், புனே திரைப்படக் கல்லூரியில் பயின்றவர். மேடையில் மௌலானா ஆசாத்தாக நடித்துப் பாராட்டுப் பெற்றவர். ஆனால் திரையில் அவரை மீண்டும் மீண்டும் ஆங்கிலேயராகவே நடிக்கவைத்தனர்.

மலைநகரத்தில் வளர்ந்தது, இந்திய மொழியில் புலமை, மேடைப் பயிற்சி எனக் கல்கிக்கும் டாம் ஆல்டருக்கும் பொதுவானவை பல. ஒரு தலைமுறைக்குப் பின் வந்த கல்கிக்குக் கிடைத்தது ஆல்டருக்குக் கிடைக்காத வாய்ப்பு. நகர்ப்புறத்து மல்டிபிளக்ஸ் அரங்குகள், சிறு முதலீட்டுப் படங்கள், சோயா அக்தர், ஷோனாலி போஸ், அனு மேனன், கொங்கொணா சென் சர்மா போன்ற பெண் இயக்குநர்களின் வரவு ஆகியவை அதற்குக் காரணமாயின. கல்கியின் முக்கியமான பாத்திரங்களில் கணிசமானவை பெண்கள் இயக்கிய படங்களில் அமைந்தவை.

மதிப்பீடு

கல்கியின் இந்தி உச்சரிப்பு குறித்த விமர்சனம் தொடக்கம் முதல் உண்டு. நகர்ப்புற உயர் நடுத்தர வர்க்கத்துக்கு வெளியேயுள்ள பாத்திரங்கள் அவருக்கு அரிதாகவே கிடைத்தன. கிராமத்துப் பெண்ணாகவோ உழைக்கும் வர்க்கத்துப் பெண்ணாகவோ அவரை இந்தியத் திரை கற்பனை செய்யவில்லை. கல்லட்டியில் தமிழ் பேசித் திரிந்த சிறுமியின் வாழ்க்கை எந்தப் படத்திலும் வரவில்லை.

இந்த வரம்புகளுக்குள் அவர் அடைந்தது குறிப்பிடத்தக்கது. லெனியும் ரூத்தும் தங்கள் நிறத்துக்குக் காரணம் சொல்ல வேண்டியிருந்தது. அதிதிக்கும் லைலாவுக்கும் சஹானாவுக்கும் அந்தக் கட்டாயம் இல்லை. சில ஆண்டுகளுக்குள் நிகழ்ந்த இந்த மாற்றத்தில், ஒருவர் எந்த ஊர்க்காரர் என்பதை முகத்தைக் கொண்டு முடிவுசெய்யும் பழக்கம் திரையில் ஓரளவு தளர்ந்தது. தமிழ் முகத்துடன் பிரெஞ்சுக்காரர்களும் பிரெஞ்சு முகத்துடன் தமிழ் பேசுவோரும் ஒரே தெருவில் வாழும் புதுச்சேரிக்கு இது பழைய செய்தி.

முக்கிய விருதுகள்

- மெட்ரோபிளஸ் நாடக ஆசிரியர் விருது, 2009 ('ஸ்கெலிட்டன் உமன்', பிரசாந்த் பிரகாஷுடன்)
- பிலிம்பேர் சிறந்த துணை நடிகை விருது, 2010 ('தேவ்.டி')
- தாலின் பிளாக் நைட்ஸ் திரைப்பட விழா, சிறந்த நடிகை விருது, 2014 ('மார்கரிட்டா வித் எ ஸ்ட்ரா')
- 63-ஆவது தேசியத் திரைப்பட விருதுகள், நடுவர் குழுவின் சிறப்பு விருது ('மார்கரிட்டா வித் எ ஸ்ட்ரா')